பதில்: போர்ட்டை மாற்றியும் லாகின் முயற்சிகள் நிற்கவில்லை

வணக்கம். காரைக்குடி விடுதித் தளத்தின் வெப்மின் பேனலை (சர்வரை பிரவுசரிலேயே நிர்வகிக்கும் பக்கம்) 10000-ஆம் போர்ட்டிலிருந்து, அதாவது சர்வரின் எண்ணிட்ட வாசலிலிருந்து, 48213-க்கு மாற்றியும் யாரோ நுழையப் பார்க்கிறார்கள் என்றீர்கள். பார்க்கத்தான் செய்வார்கள். இருப்பதே 65,535 போர்ட். திறந்த போர்ட்டைத் தேடும் ஸ்கேனர் புரோகிராம் அத்தனையையும் தட்டிப் பார்த்துவிடும். நம்மூர் வீட்டில் முகப்பைப் பூட்டிவிட்டு, அடுத்த தெருவில் திறக்கும் பின்வாசலை மறந்த கதைதான்.

வெப்மினின் அமைப்புக் கோப்பான மினிசெர்வ் கான்ஃபில் (miniserv.conf) பைண்ட் (bind) வரியை 127.0.0.1 என்று, அதாவது அந்த சர்வருக்குள் மட்டும் எட்டும் முகவரியாக வைத்து, வெப்மினை ரீஸ்டார்ட் செய்யுங்கள். இனி எஸ்எஸ்ஹெச் (SSH, சர்வரோடு பூட்டிய இணைப்பு) டனல் வழியாக மட்டும்தான் உள்ளே போக முடியும். எஸ்எஸ்ஹெச்சில் பாஸ்வேர்டு லாகினையும் நிறுத்திவிடுங்கள், கீ (உங்கள் கணினியில் இருக்கும் சாவிக் கோப்பு) போதும்.

அப்புறம், முன்பதிவு ஆப் டாக்கரில் (ஆப்பைத் தனிப் பெட்டியாக ஓட்டும் மென்பொருள்) ஓடுகிறது என்றீர்களே, அதுதான் எனக்குக் கவலை. டாக்கர் வெளியே திறந்துவிடும் போர்ட்டை சர்வரின் ஃபயர்வாலான யூஎஃப்டபிள்யூ (UFW) வழக்கமாகத் தடுப்பதில்லை. அங்கேயும் போர்ட்டுக்கு முன்னால் 127.0.0.1 சேருங்கள், வெளியார் என்ஜின்எக்ஸ் (nginx, முன்வாசலில் நின்று வருபவரை ஆப்புக்கு அனுப்பும் வெப் சர்வர்) வழியாக வரட்டும்.

முடித்ததும் மொபைல் டேட்டாவில் பேனலைத் திறந்து பாருங்கள். திறக்கக் கூடாது.