தாத்தா நேதாஜி படையில் இருந்தும் பென்ஷன் வராதது ஏன்?

மதுரைக்காரரான உங்கள் தாத்தா மலேயாவில் (இன்றைய மலேசியப் பகுதி) ஐ.என்.ஏ.வில், அதாவது நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் சேர்ந்தவர், ஆனால் தியாகி பென்ஷன் வரவில்லை, ஏன் என்று கேட்டிருக்கிறீர்கள்.

மதுரை, இராமநாதபுரம் பக்கமிருந்து ரப்பர் தோட்டங்களுக்குப் பிழைக்கப் போனவர்கள் பலர் 1943-இல் நேதாஜி அழைத்ததும் சேர்ந்தார்கள். அதுவரை மரம் சீவிய கையில் துப்பாக்கி. 1944-இல் இம்பாலிலிருந்து பின்வாங்கிய படையில் குண்டடியைவிட மழையும் மலேரியாவும் வயிற்றுப்போக்கும்தான் அதிகம் பேரைச் சாய்த்தன. அரிசி தீர்ந்ததும் காட்டுப் புல்லை அவித்துத் தின்றார்கள்.

போர் முடிந்ததும் பிடிபட்ட ஐ.என்.ஏ. ஆட்களை ஆங்கிலேயர் விசாரித்து வெள்ளை, சாம்பல், கறுப்பு என்று தரம் பிரித்தார்கள். நேதாஜி பக்கம் மனதார நின்றவர் என்று கருதியவரே ‘கறுப்பு’. பிரிட்டிஷ் இந்தியப் படையிலிருந்து வந்த ‘கறுப்பு’ ஆட்களுக்கு வேலையும் போச்சு, பாக்கிச் சம்பளமும் போச்சு. சுதந்திர இந்தியாவின் ராணுவமும் அவர்களைத் திரும்பச் சேர்க்கவில்லை. எனக்கு இன்னும் ஆறாத விஷயம் இதுதான்.

சரி, பென்ஷனுக்கு வருவோம். மத்திய அரசுத் திட்டம் 1972-இல்தான் வந்தது. பொதுவாக 6 மாதமாவது சிறையிலோ முகாமிலோ இருந்ததற்குச் சான்று வேண்டும். பர்மா முகாமில் அடைபட்டவரிடம் ஏது காகிதம்? கூட இருந்த கைதி சான்றிதழ் தரலாம்தான். ஆனால் அந்தக் கூட்டாளி பினாங்கில் இருப்பார், இல்லை, போய்ச் சேர்ந்திருப்பார். தாத்தாவுக்கு வராமல் போனதற்கு இதுவே காரணமாக இருக்கலாம். அப்புறம், பேரப்பிள்ளைகளுக்கு இந்தப் பென்ஷன் கிடையாது.