மூளை இல்லை, இதயம் இல்லை, ஆனாலும் பிழைக்கிறது: ஜெல்லி மீன் கேள்வி பதில்

மீன் காட்சியகம் ஒன்றில் நிலா ஜெல்லிகளைப் பராமரிப்பது என் வேலை. நம் கடலோரத்தில் சொறி என்பார்களே, அந்தக் கூட்டம்தான். வந்த கேள்விகளுக்கு ஒவ்வொன்றாகப் பதில் சொல்கிறேன்.

முத்து: அண்ணா, நடுவில் தெரியும் நாலு வளையமும் கண்ணா?

இல்லை தம்பி, இனப்பெருக்க உறுப்புகள். குடை விளிம்பில் எட்டு இடங்களில் பொட்டு மாதிரி சின்ன உறுப்புகள் இருக்கும், வெளிச்சம் எந்தப் பக்கம், மேல் எது கீழ் எது என்பதை அவற்றை வைத்துத்தான் அது தெரிந்துகொள்கிறது. உருவம் எதுவும் தெரியாது. நிஜக் கண் பார்க்க வேண்டுமானால் பெட்டி ஜெல்லியிடம் போங்கள், அதற்கு 24 கண்கள், சிலவற்றில் லென்ஸ்கூட உண்டு.

கவிதா: ஊதா, பச்சை என்று மின்னுகிறதே, அது அதன் சொந்த ஒளியா?

உண்மையைச் சொன்னால் கோபிக்காதீர்கள், அது நாங்கள் போட்ட எல்இடி விளக்கு. உடம்பில் ஏறக்குறைய 95 சதவீதம் தண்ணீர், எந்த நிறம் அடித்தாலும் வாங்கிக்கொள்ளும். எனக்குப் பிடித்த நிறம் வேறு. ஆர்ட்டீமியா குஞ்சுகளை (உப்பு நீரில் வளரும் பொடி இறால் மாதிரி) தீவனமாகப் போட்டால், சற்று நேரத்தில் கண்ணாடி உடம்புக்குள் வயிறு மட்டும் ஆரஞ்சாகத் தெரியும். யார் சாப்பிட்டது, யார் பட்டினி என்று கணக்குப் பார்ப்பது அப்படித்தான்.

சொந்தமாக ஒளிர்வது அமெரிக்காவின் மேற்குக் கரையில் இருக்கும் படிக ஜெல்லி. ஜப்பானிய விஞ்ஞானி ஒசாமு ஷிமோமுரா, ஒளிரும் பொருளைப் பிரிக்க அதைச் சாறெடுத்து மண்டையை உடைத்துக்கொண்டு, ஒருநாள் வேண்டாத சாற்றைக் கழுவுதொட்டியில் கொட்ட, அங்கே கடல்நீர் வழிந்துகொண்டிருந்ததால் பளீரென்று நீல ஒளி! கடல்நீரிலிருந்த கால்சியம் செய்த வேலை அது. அதே ஜெல்லியிலிருந்து கூடவே கிடைத்த பச்சை ஒளிர் புரதம்தான் இன்று உயிரியல் ஆய்வகங்களில் செல்லுக்குள் நடப்பதைக் காட்டும் விளக்கு. அதற்காக 2008-இல் மார்ட்டின் சால்ஃபி, ரோஜர் சியென் இருவரோடும் சேர்த்து அவருக்கு வேதியியல் நோபல்.

ரஹீம்: கரையில் செத்துக் கிடப்பதைத் தொடலாமா?

வேண்டாம் பாய். கொட்டும் செல்லுக்குள் சுருட்டி வைத்த ஊசி நூல் பாய்வதற்கு உயிரோ மூளையோ தேவையில்லை, தொட்டாலே போதும். பட்டுவிட்டால் தேய்க்காதீர்கள், நல்ல தண்ணீர் ஊற்றாதீர்கள், மிச்சமிருக்கும் செல்களும் வெடிக்கும். சிறுநீர் வைத்தியம் வெறும் கதை. மூச்சுத் திணறினால் யோசிக்காமல் ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள்.

செல்வி: குட்டி போடுமா, முட்டையா?

முட்டைதான், ஆனால் அதிலிருந்து நேராக ஜெல்லி வராது. பொடி லார்வா நீந்திப் போய்ப் பாறையடியில் ஒட்டி, சில மில்லிமீட்டர் உயரத்தில் பூ மாதிரி ஒரு பாலிப் ஆகும். சாகாமல் அப்படியே இருந்து தன்னைத் தானே பெருக்கிக்கொள்ளும். தண்ணீர் குளிர்ந்தால் உடம்பு குறுக்கே வரிவரியாகப் பிளந்து, இட்லித் தட்டுகளை அடுக்கியது போல ஆகிவிடும். மேல் தட்டு முதலில் துடிக்கும், துடித்துத் துடித்துப் பிய்த்துக்கொண்டு எட்டுக் கை நட்சத்திரமாக நீந்திவிடும். பிறகு அடுத்த தட்டு. முதல் தடவை அதைப் பார்த்தபோது மதியச் சாப்பாட்டையே மறந்துவிட்டேன்.

தினேஷ்: சாகாவரம் பெற்ற ஜெல்லி நிஜமா?

நிஜம். டுரிடாப்சிஸ் டோர்னீ, சுண்டுவிரல் நகத்தைவிடச் சின்னது. அடிபட்டாலோ பட்டினி கிடந்தாலோ திரும்பவும் பாலிப்பாகிவிடும். மீன் விழுங்கினால் வரமெல்லாம் பலிக்காது.

கவிதா: அப்படியானால் உங்கள் நிலா ஜெல்லிக்கு எத்தனை வயது?

குடைக்கு ஏறத்தாழ ஒரு வருடம். பாலிப்புகளுக்குக் கணக்கில்லை. எங்கள் பின்னறையில் ஒரு கண்ணாடித் தகட்டில் ஒட்டியிருப்பவை நான் வேலைக்குச் சேர்வதற்கு முன்பே அங்கே இருந்தன.