மௌனப் பட காலத்தில் குழந்தை கடத்தலை வைத்து எடுத்த குறும்படங்களில் எதைப் பார்க்கலாம்?

என் பதில் 1905-இல் இங்கிலாந்தில் வந்த 'ரெஸ்க்யூட் பை ரோவர்'. ஆறேழு நிமிடம்தான் ஓடும். செசில் ஹெப்வொர்த் தயாரித்து, லூவின் ஃபிட்ஸ்ஹாமன் இயக்கியது.

கதை எளிது. குழந்தையைத் தள்ளுவண்டியில் வைத்துக்கொண்டு வரும் தாதி, பிச்சை கேட்ட ஒரு பெண்ணுக்கு எதுவும் கொடுக்காமல் போகிறாள். அப்புறம் ஒரு சிப்பாயோடு பேச்சில் மூழ்கிவிட, பின்னாலேயே வந்த அந்தப் பெண் குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்விடுகிறாள். விஷயம் தெரிந்ததும் வீட்டு நாய் ரோவர் ஜன்னல் வழியாகக் குதித்து ஓடுகிறது.

இங்கிருந்துதான் படம் என்னைப் பிடித்துக்கொண்டது. தெரு, திருப்பம், ஆறு, அப்புறம் ஏழைகள் வசிக்கும் வரிசை வீடுகள், அங்கே ஒவ்வொரு கதவாக முட்டிப் பார்க்கும் ரோவர். போகும்போது நம்மை நோக்கி ஓடி வருகிறது, குழந்தையைக் கண்டுபிடித்துவிட்டு அப்பாவைக் கூப்பிடத் திரும்பும்போது அதே இடங்களில் நமக்கு முதுகைக் காட்டி ஓடுகிறது. மூன்றாவது முறை அப்பாவோடு போகும்போது அடுத்து என்ன வரும் என்று நமக்கே தெரியும், ஆற்றை அவர் படகில் கடக்க வேண்டும் என்பது உட்பட. அந்த வழி நமக்குப் பழகிவிட்டது என்று எடுத்தவர்களுக்கும் தெரிந்திருக்கிறது, அதனால் குழந்தையோடு வீடு திரும்பும் பயணத்தைக் காட்டவே இல்லை, நேராக அம்மாவின் கைக்கு வந்துவிடுகிறது குழந்தை. 1905-இல் இப்படி வெட்டி ஒட்டியிருக்கிறார்கள்!

நடித்தது பெரும்பாலும் ஹெப்வொர்த் குடும்பமே. அப்பா அவர், அம்மா அவருடைய மனைவி, குழந்தை அவர்களுடைய மகள், நாயும் வீட்டு நாய் பிளேர்தான். மொத்தச் செலவு 7 பவுண்டு 13 ஷில்லிங் 9 பென்ஸ். கிட்டத்தட்ட 400 பிரதிகள் விற்று, பிரதிகள் எடுக்கும் மூலச் சுருளான நெகட்டிவ் தேய்ந்துபோனதால் முழுப் படத்தையும் இன்னும் இரண்டு முறை எடுக்க வேண்டியிருந்தது.

எனக்கு உறுத்துவது ஒன்று உண்டு. குழந்தை திருடுபவள் பிச்சைக்காரி, குடிகாரி, அவ்வளவுதான் அவளைப் பற்றி. 1908-இல் அமெரிக்காவில் டி. டபிள்யூ. கிரிஃபித் எடுத்த முதல் படமான 'தி அட்வென்ச்சர்ஸ் ஆஃப் டாலி'யிலும் கடத்துபவன் ஊர் ஊராகத் திரியும் ஜிப்சி. வீடில்லாதவர்கள், நாடோடிகள் என்றாலே பிள்ளை பிடிக்கிறவர்கள் என்ற பழி இந்தப் படங்களுக்கு முன்பே இருந்தது, இவை அதை இன்னும் நிறையப் பேரிடம் கொண்டுபோய்ச் சேர்த்தன. இதை மனதில் வைத்துக்கொண்டே இரண்டையும் பாருங்கள், ரோவரை முதலில்.