அந்த அம்மாவின் குரலுக்கு அடியில் வயலின் வேண்டுமா?

கேள்வி: தூத்துக்குடி உப்பளத்தில் வேலை செய்யும் பெண்களைப் பற்றி என் தோழி 28 நிமிட ஆவணப்படம் எடுத்திருக்கிறாள். இசை என் பொறுப்பு. பேட்டி வரும் இடமெல்லாம் அடியில் புல்லாங்குழலும் வயலினும் ஓடவிட்டேன். கேட்டுவிட்டு, "எல்லாரையும் பாவமாக்கிட்டே" என்கிறாள். சோகமான விஷயத்துக்குச் சோகமான இசைதானே வரும்?
- ஒரு வாசகர், திருநெல்வேலி

பதில்: உங்கள் தோழி சொல்வதுதான் சரி. வெயிலில் கண் எரிவதைப் பற்றி அந்த அம்மா பேசும்போது நடுவில் மூச்சு வாங்குவார், ஒரு வார்த்தையை விழுங்குவார், அதிலேயே எல்லாம் இருக்கிறது. நீங்கள் அடியில் வயலினை இழுத்தால் அந்த மூச்சும் விழுங்கலும் யார் காதிலும் விழாது. பெண் குரல் ஏறக்குறைய 200 ஹெர்ட்ஸ் பக்கம் தொடங்குகிறது, மேற்கத்திய சுருதியில் வயலினின் கீழ்த்தந்தி 196. அதாவது இரண்டும் ஒரே இடத்துக்கு அடித்துக்கொள்கின்றன.

ஆலன் ரெனே 1956-இல் நாஜி வதைமுகாம்களைப் பற்றி எடுத்த 'இரவும் மூடுபனியும்' படத்தை அவசியம் பாருங்கள். இசை ஹான்ஸ் ஐஸ்லர். 1933-இல் நாஜிகள் ஆட்சியைப் பிடித்ததும் ஜெர்மனியை விட்டே போக நேர்ந்தவர், கதறி அழ அவருக்கு எல்லா நியாயமும் இருந்தது. ஆனால் காட்சி கொடூரமாக ஆக ஆக அவர் இசை மெலிந்துகொண்டே போகிறது. எனக்கு அந்த இடங்களில்தான் அடிவயிறு கலங்கும்.

இன்னொரு வழியும் உண்டு. லண்டனிலிருந்து ஸ்காட்லாந்து போகும் தபால் ரயிலைப் பற்றிய 'நைட் மெயில்' ஆவணப்படம் 1936-இல் வந்தது, இசையமைத்த பெஞ்சமின் பிரிட்டனுக்கு அப்போது 22 வயது. ரயில் சத்தத்துக்கு அவர் பயன்படுத்திய பொருட்களில் ஒன்று, சிலேட்டுக் கல்லில் தேய்த்த உப்புத்தாள்! உங்கள் உப்பளத்திலும் அப்படி ஏதாவது கிடைக்கும். பலகையால் உப்பை வாரும்போது வரும் அந்தக் கரகரப்பை ஒரு மணி நேரம் பதிவு செய்து வைத்துக் கேளுங்கள், தாளம் அதிலேயே இருக்கும்.

சரி, இப்போதைக்கு ஒன்று செய்யுங்கள். பேட்டிகளுக்கு அடியில் இருக்கும் இசையை மொத்தமாக எடுத்துவிட்டு ஒருமுறை படத்தைப் பாருங்கள். அப்புறம் யாரும் பேசாத இடங்களில், விடியுமுன் பாத்திக்கு நடந்து போவது, லாரியில் உப்பு ஏற்றுவது மாதிரி, அங்கே மட்டும் போடுங்கள். ஏழெட்டு நிமிட இசை இந்தப் படத்துக்குத் தாராளம்.

கேள்வி: இயக்குநர் வேறொரு படத்தின் இசையைத் தற்காலிகமாக ஒட்டி எடிட் செய்து அனுப்பி, "இதே மாதிரி வேணும்" என்கிறாரே?
- ஒரு வாசகி, கோவை

பதில்: 'இதில் உங்களுக்கு எது பிடித்தது, வேகமா, வாத்தியமா, எங்கே தொடங்குகிறது என்பதா?' என்று கேட்டுவிடுங்கள். பெரும்பாலும் வேகம் என்றுதான் சொல்வார்கள். வேகத்தை மட்டும் வைத்துக்கொண்டு மெட்டை நீங்களே போடுங்கள். அடுத்த படத்துக்கு, எடிட்டிங் தொடங்கும் முன்பே உங்கள் வாசிப்பில் நாலைந்து துண்டுகளைப் பதிவு செய்து அவரிடம் கொடுத்துவிடுங்கள், ஒட்டுவதென்றால் அதையே ஒட்டட்டும்.