குற்றாலம் போதாதா? – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

வணக்கம். வங்கி வேலையிலிருந்து போன வருடம்தான் ஓய்வு பெற்றேன். கணவருக்கு 64 வயது. கோயில் என்றால் இருவருக்கும் உயிர். தஞ்சாவூர், தாராசுரம், ஹம்பி, பேலூர் எல்லாம் பார்த்தாயிற்று. வரும் ஜனவரியில் கம்போடியா போகலாம் என்று இருக்கிறோம். ஒரு சுற்றுலா நிறுவனம் கைடுடன் சேர்த்து ஐந்து நாள் திட்டம் கொடுத்திருக்கிறது. மூன்று நாள் அங்கோர் கோயில்கள், ஒரு நாள் குலென் மலையும் அருவியும், ஒரு நாள் தொன்லே சாப் ஏரி. இங்கேதான் வீட்டில் சண்டை. "அருவி பார்க்கக் குற்றாலம் போதாதா? ஏரி பார்க்க வீராணம் இல்லையா? அந்த இரண்டு நாளையும் கோயிலுக்கே வைத்துக்கொள்வோம்" என்கிறார் அவர். கைடும் வேண்டாமாம், யூடியூப் பார்த்துக்கொண்டே சுற்றிவிடலாமாம். எனக்கு முழங்கால் வலி வேறு.

இன்னொன்று. அங்கோர் வாட்டைக் கட்டிய சூர்யவர்மன் தமிழ் மன்னன் என்று எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் வாரம் ஒரு முறையாவது வருகிறது. உண்மையா?

ச. ரா., திண்டுக்கல்

*

அன்புள்ள ச. ரா.,

உங்கள் கணவர் கேட்டதையேதான் முதல் முறை போனபோது நானும் கேட்டேன். கேட்டதோடு நிற்காமல் மலையையும் ஏரியையும் வெட்டிவிட்டு, நான்கு நாளும் கோயில் கோயிலாக ஏறி இறங்கினேன். மூன்றாம் நாள் மதியம் எந்தக் கோபுரம் எந்தக் கோயிலுடையது என்பதே குழம்பிவிட்டது. போனில் நூற்றுக்கணக்கில் படம், எல்லாவற்றிலும் ஒரே சாம்பல் நிறக் கல். ஊர் திரும்பி யாராவது "எப்படி இருந்தது?" என்றால் "பிரமாண்டம்" என்பதற்கு மேல் சொல்ல ஒன்றும் இல்லை. ஆறு வருடம் கழித்து மறுபடி போனபோது மலையில் ஆரம்பித்து ஏரியில் முடித்தேன். அப்போதுதான் விஷயம் பிடிபட்டது. அந்தக் கோயில்களைத் தண்ணீரை விட்டுவிட்டுப் பார்த்தால் பாதிதான் பார்த்ததாக அர்த்தம்.

குலென் மலையிலிருந்துதான் எல்லாம் தொடங்குகிறது. 802-இல் இரண்டாம் ஜெயவர்மன் அந்த மலையில் தன்னைச் சக்கரவர்த்தியாக அறிவித்துக்கொண்டான் என்று, சுமார் 250 ஆண்டுகள் கழித்து வெட்டிய ஸ்டோக் காக் தோம் கல்வெட்டு சொல்கிறது. அப்போது மலைக்கு மகேந்திரபர்வதம் என்று பெயர். 2012-இல் ஹெலிகாப்டரிலிருந்து லேசர் கதிர் பாய்ச்சி அளந்தபோது, காட்டுக்கு அடியில் ஒரு நகரத்தின் தெருக்கள் கட்டம் கட்டமாகத் தெரிந்தன. நீங்கள் போனால் அதெல்லாம் கண்ணில் படாது. காடும் ஓர் ஆறும்தான்.

ஆற்றைச் சற்று நின்று பாருங்கள். ஜனவரியில் தண்ணீர் அதிகம் இருக்காது, அதுவும் நல்லதுதான். அடியில் இருக்கும் பாறையில் வரிசை வரிசையாகச் சின்ன மேடுகள். பணியாரச் சட்டியைக் கவிழ்த்துப் போட்ட மாதிரி இருக்கும். அத்தனையும் லிங்கங்கள். குருக்கள் இல்லாமலே நாள் முழுக்க அபிஷேகம் நடந்துகொண்டிருக்கிறது. அந்தத் தண்ணீர்தான் சியம் ரீப் ஆறாகக் கீழே இறங்கி அங்கோரின் வயலுக்கும் அகழிக்கும் போனது. கோயில் கட்டிய மணற்கல்லையும் இதே மலையடிவாரத்தில்தான் வெட்டினார்கள், அதுவும் கால்வாய் வழியாக வந்தது. அருவி குற்றாலத்தைவிடப் பெரிதா என்றால், ஐந்தருவி பார்த்தவர்களுக்கு ஏமாற்றமாகக்கூட இருக்கலாம். ஆனால் ஞாயிற்றுக்கிழமையாக இருந்தால் உள்ளூர் ஜனம் குடும்பம் குடும்பமாக ஊஞ்சல் தொட்டில் கட்டி, வறுத்த கோழியும் சோறுமாக உட்கார்ந்திருக்கும். அது அப்படியே சீசன் குற்றாலம்தான்.

கீழே இறங்கியதும் பாராய்கள், அதாவது அந்தக் காலத்துப் பெரிய ஏரிகள். மேற்குப் பாராய் ஏறத்தாழ 8 கிலோமீட்டர் நீளம், 2 கிலோமீட்டர் அகலம். பள்ளம் தோண்டியது அல்ல, நான்கு பக்கமும் கரை எழுப்பித் தேக்கியது. ஏரிக்கரையில் நடந்து வளர்ந்தவர்களுக்கு அதை யாரும் விளக்க வேண்டியதில்லை. கிழக்குப் பாராய் வற்றி வயலாகிவிட்டது. அதன் நடுவில் 10-ஆம் நூற்றாண்டில் கட்டிய கிழக்கு மேபோன் கோயில். கட்டிய காலத்தில் அது தீவு, படகில்தான் போக முடியும். இன்று டுக்-டுக்கில் போய் இறங்குகிறோம். படகுத்துறை மட்டும் தண்ணீர் இல்லாமல் அப்படியே நிற்கிறது. மூலையில் ஆளுயரக் கல் யானைகள், வராத படகைப் பார்த்துக்கொண்டு. முதல் முறை அந்தப் படிகளைச் சாதாரண வாசற்படி என்று நினைத்துத் தாண்டிப் போனவன் நான்.

அதனால் நிறுவனத்திடம் வரிசையை மட்டும் மாற்றித் தரச் சொல்லுங்கள். எல்லாரும் முதல் நாள் விடியற்காலையே அங்கோர் வாட்டில் கொண்டுபோய் நிறுத்துவார்கள், குளத்தில் நிழல் விழும் அந்தப் படத்துக்காக. அதை மூன்றாம் நாளுக்குத் தள்ளுங்கள். முதலில் குலென், அடுத்த நாள் பந்தேய் ஸ்ரே கோயிலும் கிழக்கு மேபோனும், அப்புறம் அங்கோர் வாட், நான்காம் நாள் ஏரி, கடைசியாகப் பாயோன், தா ப்ரோம் கோயில்கள். பாயோனை ஏன் ஏரிக்குப் பிறகு வைக்கச் சொல்கிறேன் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

கைடு வேண்டும். சந்தேகமே வேண்டாம். ஐந்து நாளும் ஒரே ஆளாக இருக்கட்டும் என்று முன்னாலேயே பேசிவிடுங்கள். அரசு உரிமம் பெற்ற கைடுகள் பெரும்பாலும் ராஜாக்களின் பெயரையும் வருடத்தையும் ஒப்பிப்பார்கள், அதற்கு யூடியூபே போதும்தான். ஆனால் இரண்டாம் நாள் மாலை களைத்துப்போய் இளநீர் குடிக்கும்போது அவர் தன் ஊரைப் பற்றிப் பேசத் தொடங்குவார். ஐம்பது வயதைத் தாண்டியவர் என்றால் 1975 முதல் 1979 வரை கெமர் ரூஜ் ஆட்சியில் நடந்த கொலையும் பட்டினியும் அவர் வீட்டையும் தொட்டிருக்கும். அவராகச் சொன்னால் கேளுங்கள், நாமாகக் கிளற வேண்டாம்.

என் முதல் பயணத்தில் வந்த தொல்லை கைடால் அல்ல, சாப்பாட்டால். எங்களைக் கூட்டிப்போன நிறுவனம் தினமும் பன்னிரண்டு மணிக்குப் பேருந்தைத் திருப்பி, ஊருக்குள் இருந்த இந்திய ஓட்டலுக்குக் கொண்டுவந்துவிடும். சாம்பார் சாதத்துக்காக இரண்டு மணி நேரம் போய்விடும். வழியில் பட்டுக் கடை, ரத்தினக் கடை வேறு. உங்கள் திட்டத்தில் மதியச் சாப்பாடு எங்கே, கடை நிறுத்தம் எத்தனை என்று எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். சைவம் என்றால் முதல் நாளே கைடிடம் சொல்லிவிடுங்கள், மீன் சாறு அங்கே உப்பு மாதிரி எல்லாவற்றிலும் விழும். நுழைவுச்சீட்டு தொகையில் அடங்குமா என்பதையும் கேளுங்கள். 2017-இல் உயர்த்தியதிலிருந்து ஒரு நாளுக்கு 37 டாலர், மூன்று நாளுக்கு 62. மூன்று நாள் சீட்டைப் பத்து நாளுக்குள் விட்டுவிட்டுப் பயன்படுத்தலாம் என்பதால் நான் சொன்ன வரிசைக்கு இடைஞ்சல் இல்லை. குலெனுக்குத் தனிச் சீட்டு. யாராவது தாய்லாந்து எல்லையில் இருக்கும் ப்ரேயா விஹியரையும் சேர்த்துத் தருகிறோம் என்றால் இப்போதைக்கு வேண்டாம், 2025-இல் சண்டை நடந்த பகுதி அது.

முழங்காலுக்குப் பெரிய கவலை வேண்டாம். அங்கோர் வாட்டின் உச்சி அடுக்குக்குப் போகும் படி ஏணி மாதிரி செங்குத்தானது. அதை உங்கள் கணவர் ஏறட்டும். நீங்கள் கீழே சுற்றுப் பிரகாரத்திலேயே இருங்கள், பொக்கிஷம் அங்கேதான் இருக்கிறது. கிழக்குச் சுவரில் 49 மீட்டர் நீளத்துக்குப் பாற்கடல் கடையும் காட்சி. வாசுகியை இழுப்பவர்களைப் பார்த்துவிட்டு எல்லாரும் நகர்ந்துவிடுவார்கள். நீங்கள் மத்துக்குக் கீழே குனிந்து பாருங்கள். சுழலில் சிக்கிய மீனும் முதலையும் துண்டு துண்டாகச் சிதறிக் கிடக்கும். அமுதம் வந்த கதையில் மீனுக்கு என்ன ஆயிற்று என்று யோசித்திருக்கிறான் பாருங்கள், அந்தச் சிற்பி.

சரி, சூர்யவர்மன். அவன் தமிழன் அல்ல, கெமர் அரசன்; கெமர் என்பது கம்போடிய மக்களின் இனம், மொழி இரண்டுக்கும் பெயர். 12-ஆம் நூற்றாண்டில் விஷ்ணுவுக்காக அங்கோர் வாட்டைக் கட்டிய இரண்டாம் சூர்யவர்மனைத்தான் உங்கள் குழு சொல்கிறது. 'வர்மன்' என்று முடிவதால் பல்லவன் என்று முடிவுகட்டிவிடுகிறார்கள். அந்தக் கெமர் அரசர்களின் கல்வெட்டுகள் சமஸ்கிருதத்திலும் பழைய கெமரிலும் இருக்கின்றன. நமக்கும் அவர்களுக்கும் நிஜமாகவே கொடுக்கல் வாங்கல் உண்டு. கெமர் எழுத்து பல்லவர் காலத் தென்னிந்திய எழுத்திலிருந்து கிளைத்தது. காம்போஜ அரசன் முதலாம் ராஜேந்திரனுக்குத் தேர் அனுப்பி நட்புக் கேட்டதைக் கரந்தைச் செப்பேடு சொல்கிறது. காம்போஜ ராஜன் காட்சியாகக் கொடுத்த கல்லொன்றை முதலாம் குலோத்துங்கன் சிதம்பரம் கோயிலில் வைக்கச் செய்ததற்குக் கல்வெட்டே இருக்கிறது. இவ்வளவு இருக்கும்போது பொய் எதற்கு? அதைவிட, அந்தக் கைடு முன்னால் "இது எங்கள் ராஜா கட்டியது" என்று சொல்வது எவ்வளவு அசிங்கம். தஞ்சைப் பெரிய கோயிலில் நின்றுகொண்டு ஒருவர் நம்மிடம் அப்படிச் சொன்னால் எப்படி இருக்கும்?

நம் ஆளைப் பார்த்தே தீர வேண்டும் என்றால் பந்தேய் ஸ்ரேயில் ஒருவர் இருக்கிறார். 967-இல் அரச குரு யக்ஞவராகன் எடுப்பித்த சின்னக் கோயில் அது, நடுக் கோபுரமே பத்து மீட்டர் உயரம் இல்லை. செந்நிற மணற்கல்லில் மரத்தில் இழைத்த மாதிரி வேலைப்பாடு. கிழக்கு வாசல் ஒன்றின் முகப்பில் சிவன் ஆடுகிறார். அவர் காலடியில் எலும்பும் தோலுமாக, வற்றிய முலையோடு ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறாள். காரைக்கால் அம்மையார் என்று ஆய்வாளர்கள் அடையாளம் சொல்கிறார்கள். உருவம் சின்னது, இருநோக்கி இருந்தால் எடுத்துப் போங்கள். காலை ஏழரைக்குள் போய்விட்டால் வெயிலும் கூட்டமும் இருக்காது.

திரும்பும் வழியில் ப்ரேயா தாக் என்ற ஊரில் வண்டியை நிறுத்தச் சொல்லுங்கள். சாலையோரம் கொப்பரையில் பதநீர் காய்ந்துகொண்டிருக்கும். அதே பனை, அதே வாசனை. வட்ட வட்டமாக ஊற்றி ஓலையில் சுற்றி விற்பார்கள். ரத்தினக் கடையை விட்டுவிட்டு அதை வாங்குங்கள்.

இனி ஏரி. மழைக்காலத்தில் மீகாங் நதி பெருகும்போது, வழக்கமாக ஏரியிலிருந்து மீகாங்குக்கு ஓடும் தொன்லே சாப் ஆறு திசை மாறி ஏரிக்குள் பாயும். கோடையில் சுமார் 2,500 சதுர கிலோமீட்டராக இருக்கும் ஏரி அப்போது ஐந்து ஆறு மடங்காக விரியும். கரையோரக் காடு அப்படியே மூழ்கும். நவம்பர் வாக்கில் ஆறு மறுபடி திரும்பி ஓடத் தொடங்கும். நீங்கள் போகும்போது நீர் இறங்கிக்கொண்டிருக்கும். ப்ரெக் தோல் பக்கம் பறவைகள் வந்திருக்கும், கூந்தன்குளத்தில் பார்க்கிற அதே கூழைக்கடா உட்பட. படகு மரங்களுக்கு நடுவே போகும். தண்ணீர் எந்த உயரத்துக்கு ஏறியது என்று அடிமரத்துச் சேற்றுக் கோட்டைப் பார்த்துச் சொல்லலாம்.

மறுநாள் பாயோனில் எல்லாரும் மேலே அந்தப் பெரிய முகங்களைப் பார்க்கப் போய்விடுவார்கள். நீங்கள் வெளிச்சுற்றின் தெற்குச் சுவரில் நில்லுங்கள். கெமர்களும், இன்றைய வியட்நாம் பக்கத்துச் சம்பா நாட்டுச் சாம்களும் படகில் ஏறிச் சண்டை போடுகிறார்கள், கரையில் மீன் விற்கிறார்கள், சேவல் சண்டை நடக்கிறது. படகுக்குக் கீழே மரங்கள், அந்த மரக்கிளைகளுக்கு நடுவே மீன்கள். இரண்டாம் பயணத்தில் என்னோடு வந்த கைடு ஏரிக்கரை ஊர்க்காரர். அந்த மீன் ஒன்றைத் தொடாமல் விரலால் சுட்டி, "இங்கே வருகிறவர்கள் இதைச் சிற்பியின் கற்பனை என்பார்கள். எங்கள் வீட்டுப் பின்பக்கம் இப்படித்தான் இருக்கும்" என்றார். முந்தின நாள்தான் அந்த மரங்களுக்கிடையில் படகில் போயிருந்தேன்.

வீராணத்தில் இது கிடைக்காது என்று உங்கள் கணவரிடம் சொல்லிப் பாருங்கள். அப்போதும் ஒத்துக்கொள்ளவில்லை என்றால் அவர் அங்கே ஊருக்குள் கடைகளைச் சுற்றிப் பார்க்கட்டும், நீங்கள் மட்டும் கைடோடு ஏரிக்குப் போய்விட்டு வாருங்கள்.