கெல்ட் ஆவணப்படம் – கடிதம்

வணக்கம் சார்,

டப்ளினில் ஐடி வேலை பார்க்கிறேன். வார இறுதிகளில் கெல்ட் மக்களின் வரலாறு, தொன்மம் பற்றி அரை மணி நேர ஆவணப்படம் ஒன்று எடுக்கிறேன். நியூகிரேஞ்சில் ட்ரூயிட் பூசாரிகள் சடங்கு செய்வதை நடிக்க வைத்துத் தொடங்கலாம் என்று எண்ணம். ஸ்கிரிப்டை இணைத்திருக்கிறேன். சரியாக வருமா?

ஆர்., டப்ளின்

அன்புள்ள ஆர்.,

முதல் காட்சியைத் தூக்கிவிடுங்கள். நியூகிரேஞ்ச் கி.மு. 3200 வாக்கில் எழுப்பிய கல்லறை. ட்ரூயிட்டுகளைப் பற்றி நம் கைக்கு வந்திருக்கும் எழுத்தெல்லாம் அதற்குச் சுமார் மூவாயிரம் வருடம் பிந்தியது, அதுவும் அவர்கள் எழுதியதில்லை. கற்றதை ஏட்டில் ஏற்றுவது தகாது என்று நினைத்தார்கள், சிலர் 20 வருடம் உட்கார்ந்து மனப்பாடம் செய்தார்கள் என்று சொல்வதே இன்றைய பிரான்ஸ் பக்கத்து ‘கால்’ (Gaul) நாட்டைப் படையெடுத்துப் பிடித்த ரோமானியத் தளபதி சீசர்தான். அப்புறம் அந்தப் பனிமூட்டம், வெள்ளை அங்கி, முரசுச் சத்தம். போதும்.

ரோஸ்காமனில் இருக்கும் ராத்குரோகனுக்குப் போங்கள். மேவ் ராணியின் தலைநகர் என்று கதைகள் சொல்லும் இடம். அங்கே ஒரு முள்மரத்தடியில் பூனைக் குகை இருக்கிறது, ஐரிஷில் ஓவினகாட். தவழ்ந்துதான் நுழைய வேண்டும். நுழைந்ததும் தலைக்கு மேல் உத்தரமாகப் போட்ட கல்லின் விளிம்பில் கோடு கோடாக ஓகம் என்ற பழைய ஐரிஷ் எழுத்து: மேவின் மகன் ஃப்ராயிக்குக்கு உரியது. அது கதையில் வரும் மேவ்தானா என்று கல் சொல்லாது. குளிர்காலத் தொடக்கப் பண்டிகையான ‘சவ்வின்’ (Samhain) இரவில் வேற்றுலகத்துப் பிராணிகள் இதன் வழியாகத்தான் வெளியே வரும் என்பார்கள். இடைக்காலக் கதை ஒன்று இதை அயர்லாந்தின் நரக வாசல் என்றே எழுதிவிட்டது. அந்தக் கல்லில் ஒரு நிமிடம் கேமராவை அசைக்காமல் வையுங்கள், பின்னணிக் குரலே வேண்டாம்.

மேவ் ஆநிரை கவரப் படையெடுக்கும் கதை 12ஆம் நூற்றாண்டின் லென்ஸ்டர் ஏட்டில் இருக்கிறது. அதன் கடைசியில் இரண்டு குறிப்புகள். ஐரிஷில் ஒன்று: இதை மாற்றாமல் மனப்பாடம் செய்பவர்களுக்கு ஆசி. அடுத்தே லத்தீனில் இன்னொன்று: இந்தக் கட்டுக்கதையை எழுதிய எனக்கு இதில் நம்பிக்கையில்லை, சில பேய்களின் ஏமாற்று, சில கவிஞர் கற்பனை, சில முட்டாள்கள் ரசிப்பதற்கு. நம்பாத ஆள் இவ்வளவு பக்கத்தையும் உட்கார்ந்து எழுதியிருக்கிறார் பாருங்கள்! உங்கள் படம் இங்கிருந்துதான் தொடங்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. ஏடு டிரினிட்டி கல்லூரியில் இருக்கிறது, உங்கள் ஊர்தானே. படம்பிடிக்க அனுமதி கேட்டு இன்றைக்கே ஒரு மெயில் போடுங்கள்.