தீவுகளுக்குப் படகுப் பயணம்: முன்பணம் கட்டும் முன் கேட்க வேண்டியவை

கேள்வி: நண்பர்கள் ஐந்து பேர் சேர்ந்து நான்கு நாள் தீவுப் பயணம் போகத் திட்டமிட்டிருக்கிறோம். மூன்று இடங்களில் விலை கேட்டோம். மூன்றிலும் அதே தீவுகள், அதே படங்கள். ஆனால் ஒருவர் சொல்லும் தொகை இன்னொருவர் சொல்வதில் பாதிதான். குறைந்த விலைக்கே போய்விடலாமா?

படங்கள் ஒரே மாதிரி இருப்பதில் வியப்பில்லை. எந்தப் படகில் போனாலும் இறங்கும் மணல் ஒன்றுதான். விலை மாறுவது படகைப் பொறுத்து, அதில் எத்தனை பேரை ஏற்றுகிறார்கள் என்பதைப் பொறுத்து, இரவு உங்களை எங்கே படுக்க வைக்கிறார்கள் என்பதைப் பொறுத்து.

படுக்கையையே எடுத்துக்கொள்ளுங்கள். பிலிப்பைன்ஸில் எல் நீடோவுக்கும் கோரோனுக்கும் இடையே நடக்கும் பல நாள் பயணங்களில் பகலில் படகு, இரவில் ஏதாவது ஒரு தீவில் குடிலோ கூடாரமோ கிடைக்கும். இந்தோனேசியாவில் லொம்போக்கிலிருந்து கொமோடோ வழியாக லாபுவான் பாஜோ போகும் மலிவான படகுகளில் மேல்தளத்தில் வரிசையாக மெத்தை போட்டுவிடுவார்கள். தூரம் அதிகம் என்பதால் இரவிலும் எஞ்சின் ஓடும். அந்தச் சத்தத்தில் தூங்கப் பழக வேண்டும். இரண்டுமே எனக்குப் பிடிக்கும். ஆனால் மனதில் குடிலை வைத்துக்கொண்டு மெத்தைக்குப் பணம் கட்டியவர்களின் வருத்தமான கடிதங்கள் எனக்கு அடிக்கடி வருகின்றன.

அதனால் விலையைப் பேசுவதற்கு முன் "படகின் பெயர் என்ன?" என்று கேளுங்கள். உங்களிடம் பணம் வாங்குபவர் பல நேரங்களில் ஏஜென்ட் மட்டுமே. படகு வேறொருவருடையது. பெயரைச் சொல்லத் தயங்கினால், உங்களை எந்தப் படகில் ஏற்றுவது என்று அவரே இன்னும் முடிவு செய்யவில்லை என்று அர்த்தம். பெயர் கிடைத்துவிட்டால் அந்தப் படகில் போனவர்கள் எழுதியதைத் தேடிப் படிக்கலாம். ஐந்து நட்சத்திரத்தை விட்டுவிடுங்கள், மூன்று நட்சத்திரம் கொடுத்தவர்கள் எழுதியதைப் படியுங்கள். நிதானமாக, விவரத்தோடு எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அவர்கள்தான்.

அப்புறம், எது விலையில் சேரவில்லை என்பதை எழுத்தில் வாங்குங்கள். தேசியப் பூங்கா நுழைவுக் கட்டணம், துறைமுகக் கட்டணம், ஸ்நார்க்கெல் கருவி (முகத்தை நீரில் வைத்தபடி மூச்சுவிட உதவும் குழாய்) வாடகை, குடிநீர் தவிர்த்த பானங்கள், படகு ஊழியர்களுக்கான டிப்ஸ், கடைசியில் இறக்கிவிடும் இடத்திலிருந்து விமான நிலையம் போகும் செலவு. இதையெல்லாம் கூட்டிப் பார்த்தால் பாதி விலை என்பது பல நேரம் முக்கால் விலையாகிவிடும். அதற்குப் பிறகும் குறைவாக இருந்து, ஆள் எண்ணிக்கையும் பாதுகாப்பும் சரியாக இருந்தால் தாராளமாகப் போங்கள்.

கேள்வி: ஐந்து நாள் பயணத்துக்கு முழுப் பணம் கட்டினோம். மூன்றாம் நாள் காலை, காற்று மாறுகிறது என்று சொல்லி கேப்டன் படகைக் கரைக்குத் திருப்பிவிட்டார். அன்று வெயில் அடித்துக்கொண்டுதான் இருந்தது. மீதி இரண்டு நாளுக்கான பணத்தைக் கேட்டால் "வானிலைக்கு நாங்கள் பொறுப்பில்லை" என்கிறார்கள். இது நியாயமா?

உங்கள் கோபம் புரிகிறது. ஆனால் இதில் இரண்டு விஷயங்கள் கலந்திருக்கின்றன, அவற்றைப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

முதலாவது, கேப்டனின் முடிவு. அதில் நான் அவர் பக்கம்தான். நான் போன ஒரு பயணத்திலும் இதேதான் நடந்தது. கண்ணாடி மாதிரி கிடந்த கடலைப் பார்த்துக்கொண்டே கடைசித் தீவை விட்டுவிட்டோம், எல்லோருக்கும் எரிச்சல். கரை சேர்ந்த இரண்டு மணி நேரத்தில் அலைகள் தடுப்புச் சுவரைத் தாண்டி விழுந்தன. 2018 ஜூலையில் தாய்லாந்தின் ஃபூகெட் அருகே ஒரு சுற்றுலாப் படகு, வானிலை எச்சரிக்கை இருந்தும் கடலுக்குப் போய்க் கவிழ்ந்தது. 47 பேர் இறந்தார்கள். திரும்பி வரத் துணிந்த கேப்டனுக்கு நீங்கள் கொடுத்த பணம் வீண் போகவில்லை என்றே நான் சொல்வேன்.

இரண்டாவது, பணம். கேப்டன் சரியாக நடந்துகொண்டார் என்பதாலேயே, உங்களுக்குத் தராத இரண்டு நாளின் பணத்தை நிறுவனம் வைத்துக்கொள்ளலாம் என்று ஆகிவிடாது. இங்கே நீங்கள் ஒப்புக்கொண்ட நிபந்தனைகள்தான் பேசும். அவற்றை எடுத்து ஒரு வரியைத் தேடுங்கள்: புறப்படும் முன் ரத்தானால் என்ன, நடுவில் சுருங்கினால் என்ன என்று தனித்தனியாகச் சொல்லியிருக்கிறதா? முதலாவதுக்கு முழுப் பணமோ வேறு தேதியோ தருவதாகப் பல நிறுவனங்கள் எழுதுகின்றன. இரண்டாவதைப் பற்றிப் பல இடங்களில் ஒரு வார்த்தையும் இருக்காது. "பாதை மாற்றத்துக்கு உட்பட்டது" என்ற வரியைத்தான் காட்டுவார்கள். பாதை மாறுவது வேறு, நாள் குறைவது வேறு. ஒரு தீவுக்குப் பதில் இன்னொரு தீவுக்குப் போனால் அது மாற்றம். ஐந்து நாள் மூன்று நாளானால், வாங்கிய பொருளே குறைந்துவிட்டது. உங்கள் கடிதத்தில் இந்த வேறுபாட்டைத்தான் அழுத்திச் சொல்ல வேண்டும்.

முழுத் தொகையைக் கேட்காதீர்கள். கொடுக்காத இரண்டு இரவின் தங்கும் செலவு, சாப்பாடு, போகாத தீவுகளின் நுழைவுக் கட்டணம் என்று தனித்தனியாகக் கேளுங்கள். அவர்கள் செலவழிக்காத பணம் அது என்பதால் மறுப்பது கடினம். அன்றைக்குக் கடலோரக் காவல்படையோ துறைமுக அதிகாரியோ தடை போட்டிருந்தால் அந்த அறிவிப்பின் நகலையும் வாங்கி வையுங்கள். இன்சூரன்ஸ் இருந்தால் அது கண்டிப்பாகத் தேவைப்படும்.

இனிமேல் போகிறவர்களுக்கும் ஒன்று. பருவம் பார்த்துப் போனாலும் கடலுக்கு வாக்குறுதி கிடையாது. எல் நீடோவும் கோரோனும் இருக்கும் பலவான் பகுதியில் டிசம்பர் என்றால் நல்ல மாதம் என்று எல்லோரும் சொல்வார்கள். 2021 டிசம்பரில்தான் 'ராய்' புயல் அங்கே வந்து தாக்கியது. பயணத்தின் கடைசி நாளுக்கும் ஊர் திரும்பும் விமானத்துக்கும் நடுவில் இரண்டு நாளாவது விட்டு வையுங்கள். அந்த இரண்டு நாள் இல்லாதவர்கள்தான் கேப்டனை "எப்படியாவது போங்கள்" என்று நெருக்குகிறார்கள்.

கேள்வி: இடம் பிடித்துவைக்க முழுப் பணத்தையும் வங்கிக் கணக்குக்கு அனுப்பச் சொல்கிறார்கள். கார்டு வாங்க மாட்டார்களாம். அனுப்பலாமா?

முழுப் பணமும் வேண்டாம். தூரத் தீவுகளில் சிறிய ஆபரேட்டர்களுக்குக் கார்டு வசதி இல்லாதது உண்மைதான், அதை வைத்து மட்டும் ஏமாற்று என்று சொல்ல மாட்டேன். ஆனால் முன்பணமாக ஒரு பகுதி, மீதி படகில் ஏறும் அன்று என்று பேசிப் பாருங்கள். நேர்மையான சிறிய ஆபரேட்டர்கள் பலர் இதற்குச் சம்மதிப்பார்கள். கணக்கு, நிறுவனத்தின் பெயரில் இருக்க வேண்டும். தனி ஆளின் பெயரில் இருந்தால் அனுப்பாதீர்கள்.

கார்டில் கட்ட முடிந்தால், கொஞ்சம் கூடுதல் கட்டணம் கேட்டாலும் கட்டுங்கள். பயணமே நடக்காமல் போனால் உங்கள் வங்கி வழியாகப் பணத்தைத் திரும்பக் கேட்க அது வழி தரும். அதற்குக் கெடு உண்டு. பொதுவாக 120 நாள் என்பார்கள், ஆனால் எந்தத் தேதியிலிருந்து எண்ணுவது என்பதை வங்கியிடம் கேட்டுக்கொள்ளுங்கள். "வேறு தேதி தருகிறோம், பொறுங்கள்" என்று நிறுவனம் இழுத்துக்கொண்டே போய் அந்தக் கெடு தாண்டிவிடக் கூடாது.

கேள்வி: 64 வயது அம்மாவையும் ஏழு வயது மகளையும் அழைத்துப் போக ஆசை. அம்மாவுக்கு இரத்த அழுத்தம் உண்டு. இருவருக்கும் நீச்சல் தெரியாது. ஆபத்தா?

நீச்சல் தெரியாதது பெரிய தடை இல்லை. படகில் போடும் லைஃப் ஜாக்கெட்டுதான் முக்கியம். ஏழு வயதுக் குழந்தைக்குப் பெரியவர்களின் ஜாக்கெட்டைப் போட்டால் தண்ணீரில் அது தலைக்கு மேல் கழன்று போகும். "குழந்தை அளவு இருக்கிறதா?" என்று கேட்டுவிட்டு நிறுத்திக்கொள்ளாதீர்கள், படம் அனுப்பச் சொல்லுங்கள். இல்லை என்றால் நீங்களே ஒன்று வாங்கிக் கொண்டுபோங்கள். படகில் ஏறியதும் மகளுக்குப் போட்டு, தோள்பட்டையைப் பிடித்து மேலே தூக்கிப் பாருங்கள். தாடைக்கு மேல் ஏறினால் அது அவளுக்கானது இல்லை.

அம்மாவைப் பொறுத்தவரை எனக்குக் கவலை வேறு. இந்தப் படகுகளில் ஏற இறங்க ஆடும் ஏணி, சில இடங்களில் இடுப்பளவுத் தண்ணீரில் நடந்துதான் கரைக்குப் போக வேண்டும். நடுவழியில் நெஞ்சு வலித்தால் மருத்துவமனைக்கு எத்தனை மணி நேரம், வேகப் படகு கிடைக்குமா என்று நேரடியாகக் கேளுங்கள். "அதெல்லாம் ஒன்றும் ஆகாது" என்று பதில் வந்தால் அந்த நிறுவனம் வேண்டாம். இன்சூரன்ஸ் எடுக்கும்போது இரத்த அழுத்தத்தை மறைக்காமல் எழுதுங்கள். மறைத்தால் க்ளெய்ம் நிற்காது. அவசர நிலையில் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லும் செலவு அதில் அடங்குமா என்றும் பாருங்கள். தீவிலிருந்து ஹெலிகாப்டரில் தூக்குவது என்பது ஒரு குடும்பத்தின் சேமிப்பையே விழுங்கும் தொகை. புயல் வரப்போகிறது என்று செய்தி வந்த பிறகு பாலிசி எடுத்தால் அந்தப் புயலுக்குப் பணம் கிடைக்காது என்பதையும் நினைவில் வையுங்கள்.

படகிலேயே தூங்குவதாக இருந்தால் இன்னொரு கேள்வி: இரவில் யார் விழித்திருப்பார்கள்? 2019 செப்டம்பரில் கலிபோர்னியா கடலில் பல நாள் டைவிங் பயணம் போன ஒரு படகு இரவில் தீப்பிடித்தது. கீழ்த்தளத்தில் தூங்கிய 34 பேரும் இறந்தார்கள். இரவுக் காவலுக்கு ஆள் போடவில்லை என்று விசாரணையில் தெரியவந்தது. உங்கள் அறையிலிருந்து வெளியேற இரண்டாவது வழி எங்கே என்று முதல் நாளே நடந்து பாருங்கள், மகளுக்கும் காட்டுங்கள். போனையும் பவர் பேங்கையும் சார்ஜில் போட்டுவிட்டுத் தூங்காதீர்கள்.

என்னைக் கேட்டால், இரவில் தீவில் தங்கும் மூன்று நாள் பயணமாகப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள். உங்கள் மூவருக்கும் அதுவே நிம்மதி.

கேள்வி: தனியாகப் போகும் பெண் நான். அறையைப் பகிர வேண்டும், இல்லையென்றால் ஏறக்குறைய இரட்டைக் கட்டணம் என்கிறார்கள்.

ஒரு படுக்கை காலியாகப் போவதால் அந்தக் கூடுதல் கட்டணத்தில் ஓரளவு நியாயம் உண்டு, ஆனால் இரட்டிப்பு அதிகம். புறப்படும் தேதிக்கு ஒன்றிரண்டு வாரம் முன்பு இடம் நிரம்பவில்லை என்றால் குறைப்பார்கள், அப்போது கேளுங்கள். பகிர்வதாக இருந்தால் பெண்ணோடு மட்டும்தான் என்பதை எழுத்தில் வாங்குங்கள், வாய்ச்சொல் போதாது. கதவுக்கு உள்தாழ்ப்பாள் உண்டா, குழுவில் வேறு பெண்கள் எத்தனை பேர், ஊழியர்களில் பெண் உண்டா என்று கேட்பதில் எந்தச் சங்கடமும் வேண்டாம். இந்தக் கேள்விகளுக்கு முகம் சுளிக்கும் நிறுவனத்தோடு நான்கு இரவு கழிக்க வேண்டியதில்லை.

கேள்வி: விளம்பரத்தில் ஒரு புகழ்பெற்ற கடற்கரையின் படம். போய்ப் பார்த்தால் அங்கே நீந்தவே அனுமதி இல்லை. இது ஏமாற்று இல்லையா?

தடையைத் தெரிந்தே மறைத்திருந்தால் ஏமாற்றுதான். தாய்லாந்தின் மாயா விரிகுடா பவளப்பாறைகள் மீள்வதற்காக 2018 ஜூனில் மூடப்பட்டு 2022 ஜனவரியில்தான் திறந்தது. இப்போதும் அங்கே நீந்த அனுமதி இல்லை. இப்படிப்பட்ட மூடல்களை நான் மனதார வரவேற்கிறேன். ஆனால் பழைய படத்தைப் போட்டு "நீந்தி மகிழுங்கள்" என்று விற்பது தவறு. அந்த விளம்பரப் பக்கத்தை இப்போதே ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள், புகார் போனதும் அதை மாற்றிவிடுவார்கள். பிறகு நிறுவனத்துக்கும், நீங்கள் பணம் கட்டிய ஏஜென்ட்டுக்கும் ஒரே கடிதத்தை அனுப்புங்கள்.

கேள்வி: எதை எடுத்துப் போக வேண்டும்? பயணத்தின் கடைசி நாளில் டைவிங்கும் உண்டு.

தண்ணீர் புகாத பை, ரொக்கப் பணம், வழக்கமாகச் சாப்பிடும் மருந்துகள் இரண்டு பங்கு. குமட்டல் மாத்திரையைப் படகு ஆடத் தொடங்கிய பிறகு போட்டுப் பயனில்லை, புறப்படுவதற்கு ஏறக்குறைய ஒரு மணி நேரம் முன்பே போடுங்கள். சன்ஸ்கிரீன் வாங்கும் முன் போகும் நாட்டின் விதியைப் பாருங்கள். பவளப்பாறைக்குக் கெடுதல் செய்யும் ஆக்சிபென்சோன் போன்ற பொருள்கள் கலந்தவற்றை பலாவ் 2020 முதல் தடை செய்திருக்கிறது. நீளக் கைச் சட்டை போட்டால் பாதிப் பிரச்சினை தீர்ந்தது.

டைவிங்கைக் கடைசி நாளில் வைத்திருப்பதுதான் எனக்குப் பிடிக்கவில்லை. தொடர்ந்து பல நாள் டைவ் செய்தவர்கள் விமானம் ஏறும் முன் குறைந்தது 18 மணி நேரம் கடக்க வேண்டும் என்பது டைவிங் மருத்துவ வழிகாட்டுதல். உங்கள் விமானம் மறுநாள் காலை என்றால் டைவிங்கை முதல் நாட்களுக்கு மாற்றித் தரச் சொல்லுங்கள். முடியாது என்றால் அந்த டைவை விட்டுவிட்டு, அதற்கான பணத்தைக் கழித்துக்கொள்ளச் சொல்லிக் கேளுங்கள்.